பாதிப் பொட்டு

பொட்டு சேர்ந்துவிட்டது. மேல் பாதி வளையத்தில், கீழ்ப் பாதி மிஷினின் உடம்பில், இரண்டும் சேர்ந்து ஒரு முழுப் பொட்டு. இதற்கு மேல் இந்த மிஷினுக்கு நான் என்ன செய்ய வேண்டும்? காப்பிக் கொட்டையை எடை போட்டாயிற்று, தராசில் நேற்று காட்டிய அதே எண். மகள் பூங்கொடி பெங்களூரிலிருந்து போனில் சொன்னபடி ஒரு சொட்டுத் தண்ணீரை விரலால் தெளித்துக் குலுக்கியாயிற்று, அப்போதுதான் தூள் டப்பாவின் சுவரில் ஒட்டாதாம். பழைய தூள் உள்ளே தங்கியிருக்கும் என்று நாலைந்து கொட்டையை முதலில் அரைத்துக் குப்பையில் போட்டாயிற்று. வாழ்நாளில் காப்பியே குடிக்காத ஒருத்தி காலையில் எழுந்ததும் இத்தனை சடங்கு செய்கிறாள் என்று கேட்டால் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். எனக்குக் காப்பி வேண்டாம், எனக்கு ஒரு வார்த்தை வேண்டும். ஒரே ஒரு முறை வந்த வார்த்தை. பரவால்ல. அதைத்தான் என் வீட்டுக்காரர் சொன்னார், என் காதால் கேட்டேன், டம்ளரை வாயிலிருந்து எடுத்து, ஜன்னலைப் பார்த்துக்கொண்டே, யாரிடமோ சொல்வதுபோல, பரவால்ல. அதற்கு முன் மூன்று மாதமாக இந்த வீட்டில் அவர் குரல் இல்லை. அதற்குப் பிறகும் இல்லை. மிஷினின் பொத்தானை அமுக்குகிறேன், கொட்டை உள்ளே விழுந்து நொறுங்குகிற சத்தம், முதலில் கரகர, அப்புறம் சீராக ஒரு இரைச்சல். இந்தச் சத்தம் கூடத்தில் அவருக்குக் கேட்கும். தலையைத் திருப்பியிருப்பாரா? போய்ப் பார்க்கலாம். வேண்டாம், கொட்டை தீர்ந்ததும் கையோடு நிறுத்த வேண்டும், நேற்று செய்த மாதிரியே செய்தால்தான் ஒரே மாதிரி வரும்.

ஒரே மாதிரி. பூங்கொடிக்கும் இதே பேச்சுத்தான். "அம்மா, தினமும் ஒரே மாதிரி வரோணும்னா எல்லாத்தையும் ஒரே மாதிரி செய்யோணும். ஏதாச்சும் ஒன்ன மட்டும் மாத்துனாத்தான் எதுனால மாறுச்சுன்னு தெரியும்." அப்பா ஓய்வு பெற்றபோது இந்த மிஷினை வாங்கிக் கொடுத்தது அவள்தான். உள்ளே பல் வைத்த இரண்டு வட்டுகள், ஒன்று சும்மா இருக்கும், ஒன்று சுற்றும், நடுவில் உள்ள இடைவெளிதான் தூளின் பருமன். வளையத்தை ஒருபக்கம் திருப்பினால் வட்டுகள் நெருங்கும், தூள் மாவாகும். மறுபக்கம் திருப்பினால் விலகும், தூள் ரவையாகும். வளையத்தில் எண் கிடையாது, கோடு கிடையாது, டக் டக்கென்று நிற்கவைக்கிற தடையும் கிடையாது. எங்கே வேண்டுமானாலும் நிற்கும். அவருக்கு அது பிடித்திருந்தது. எண் பார்த்து அரைக்கிறவன் கடைக்காரன் என்றார். நூற்பாலையில் நூலின் தரம் பார்க்கிற வேலை அவருக்கு, ஒரு காலம் முழுக்க விரலில் நூலை ஓட்டிக் குறை கண்டுபிடித்தே சம்பளம் வாங்கினவர். அதே விரலில் காப்பித் தூளைத் தேய்த்துப் பார்ப்பார், மயிரிழை திருப்புவார், மறுபடி தேய்த்துப் பார்ப்பார். என்னைக் கிட்டே விடமாட்டார். "நீ தொடாத மயிலு, உனக்குக் காப்பியும் ஒன்னுதான் கசாயமும் ஒன்னுதான்." எனக்கு ஆத்திரம் வரும். சோறு, குழம்பு, பிள்ளை, வீடு எல்லாம் தொடலாம், இந்தச் சுண்டைக்காய் மிஷினை மட்டும் தொடக்கூடாது. தொடாமலே இருந்தேன். ஆயுத பூஜைக்கு மட்டும் தொட்டேன், ஈரத்துணியால் துடைத்து, வளையமும் உடம்பும் சேர்கிற இடத்தில் நடுவாக ஒரு குங்குமப் பொட்டு வைத்தேன். "மிஷினுக்கு எதுக்குப் பொட்டு?" என்றார். கிரைண்டருக்கு வைக்கலையா, மிக்சிக்கு வைக்கலையா, உங்க ஸ்கூட்டருக்கு வைக்கலையா என்றேன். துடைக்காமல் விட்டுவிட்டார். துடைக்காவிட்டால் சரி என்று அர்த்தம், எங்கள் வீட்டில் அப்படித்தான்.

கொட்டை தீர்ந்துவிட்டது. கொட்டை தீர்ந்தால் சத்தம் மாறும், வெறும் காற்று சுற்றுகிற சத்தம், அதைக் கேட்டதும் பொத்தானை அமுக்கி நிறுத்துகிறேன். அன்றைக்கும் இந்தச் சத்தம்தான் கேட்டது. நான் கொல்லையில் துணி பிழிந்துகொண்டிருந்தேன். வெறும் மிஷின் சுற்றிக்கொண்டே இருக்கிறதே, மனுசன் எங்கே போனார் என்று நினைத்தேன், கோபமாகக்கூட நினைத்தேன். அப்புறம் "மயிலு" என்று ஒரு குரல். சத்தமாக இல்லை. உப்பு எங்கே இருக்கிறது என்று கேட்கிற மாதிரி. அதுதான் கடைசி. நான் கையைத் துடைத்துக்கொண்டு வந்தபோது மேடையைப் பிடித்தபடி உட்கார்ந்துவிட்டிருந்தார், தரையெல்லாம் காப்பித் தூள், வாய் ஒருபக்கம் இழுத்திருந்தது, கண் மட்டும் என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தது. என்னங்க, என்னங்க என்று நான் கத்துகிறேன், அந்த மிஷின் விடாமல் கத்துகிறது. யார் அதை நிறுத்தியது என்று தெரியவில்லை, பக்கத்து வீட்டுக்காரராக இருக்கும். ஆஸ்பத்திரி, ஸ்கேன், டாக்டர் மூளையின் படத்தைக் காட்டி வலது கையும் காலும் மெதுவாக வரும், பேச்சு எப்படி என்று இப்போது சொல்ல முடியாது என்றார். சொன்னால் புரிகிறது அவருக்கு. எழுந்திருங்க என்றால் எழ முயல்கிறார், பூங்கொடி போன் என்றால் கையை நீட்டுகிறார். சொல்லத்தான் வரவில்லை. குறை சொல்லியே வாழ்ந்த மனுசனிடமிருந்து அந்தப் பக்கவாதம் குறையையும் எடுத்துக்கொண்டு போய்விட்டது.

தூளை ஃபில்டரில் கொட்டி, தட்டி, குடை போன்ற அந்தத் தகட்டால் லேசாக அமுக்குகிறேன். லேசாக, நேற்று அமுக்கின மாதிரியே. தண்ணீர் கொதிக்கிறது. மூன்று மாதமும் அவருக்குத் தண்ணீர்கூடக் கெட்டியாக்கிக் கொடுக்கச் சொல்லியிருந்தார்கள், மெலிதாகக் கொடுத்தால் புரையேறும் என்று. அப்புறம் ஒரு நாள் டாக்டர் காப்பி கொடுக்கலாம் என்றார். வரும் வழியிலேயே கடையில் இறங்கி, அவர் வாங்குகிற அதே பீபரி ரகமும் ஏ ரகமும் கலந்து வறுத்த கொட்டை வாங்கினேன். கடைத்தூள் வாங்க மனம் வரவில்லை. அவர் மிஷின் அவர் விட்ட இடத்திலேயே இருந்தது, நான் துணி போட்டு மூடி வைத்திருந்தேன், அவ்வளவுதான். பொட்டு முழுசாகவே தெரிந்தது, அது சேர்ந்திருந்தால் அவர் வைத்த இடம் என்று மனதில் குறித்துக்கொண்டேன். கொட்டையைப் போட்டுப் பொத்தானை அமுக்கினேன். கண்ணை மூடிக்கொண்டு அமுக்கினேன் என்றுதான் சொல்ல வேண்டும். அந்தக் காப்பிக்குத்தான் சொன்னார், பரவால்ல. அது அவர் அகராதியிலேயே பெரிய பாராட்டு, பூங்கொடி மாநில அளவில் ரேங்க் வாங்கினபோதும் அதைத்தான் சொன்னார். நான் அழுதுகொண்டே போன் போட்டேன். பூங்கொடி அழுதாள், அப்புறம் "அம்மா, நிசமா அப்பா சொன்னாங்களா, இல்ல உனக்கு அப்படிக் கேட்டுச்சா?" என்றாள். அவருக்குப் பேச்சுப் பயிற்சி கொடுக்க வருகிற ரெஜினாவும் அதையேதான் நாசூக்காகக் கேட்டாள். "சில சமயம் பழகுன வார்த்த தானா வந்துரும்மா. திரும்ப வருதான்னு பாக்கலாம். அவர் ஒரு வார்த்தைய ஆரம்பிச்சா நீங்க முடிச்சுக் குடுக்காதீங்க, எவ்வளவு நேரம் ஆனாலும் காத்திருங்க." காத்திருக்கிறேனே. முடித்துக் கொடுக்க ஆரம்பமே இல்லையே.

தண்ணீரை ஊற்றி மூடி போட்டாயிற்று. இனிமேல் சொட்டு. காப்பி குடிக்காத எனக்கு இந்தச் சொட்டுதான் நாக்கு. பரவால்ல வந்த அன்றைக்கு எப்படி விழுந்தது என்று ஞாபகம் இருக்கிறது, ஒன்று விழுந்து, நான் பாலை அடுப்பில் வைத்து, அடுத்தது விழுந்து, அப்படி யோசித்து யோசித்து விழுந்தது. இன்றைக்கு என்ன இது, சடசடவென்று ஊற்றுகிறதே. மூடியைத் திறந்து பார்க்கிறேன், மேலே தண்ணீர் பாதிக்கு மேல் இறங்கிவிட்டது. தூள் பெரிசாக இருந்தால் தண்ணீர் இப்படித்தான் நிற்காமல் ஓடும் என்று பூங்கொடி சொல்லியிருக்கிறாள். ஆனால் பொட்டு சேர்ந்துதானே இருக்கிறது? மறுபடி பார்க்கிறேன், சேர்ந்துதான் இருக்கிறது. போன வாரம் இதே பொட்டு சேர்ந்திருந்தது, அப்போது சொட்டே விழவில்லை, ஃபில்டரைத் தட்டித் தட்டிப் பார்த்தேன், டிகாஷன் கறுப்பாகக் கசந்திருக்கும்போல, அவர் இரண்டு வாய் குடித்துவிட்டு வைத்துவிட்டார். மழைக்காலம், கொட்டை ஈரம் வாங்கியிருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். கரண்டு குறைவாக வந்தால் மோட்டார் மெதுவாகச் சுற்றும், அதனால் இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். கடைக்காரன் வறுப்பை மாற்றிவிட்டான் என்று அவனிடம் சண்டைக்குக்கூடப் போனேன். பாவம், அவன் முழித்தான். கொட்டை, தண்ணீர், பால், சர்க்கரை, டம்ளர், உட்காருகிற நாற்காலி, ஜன்னல், எல்லாம் அதே. எல்லாம் அதே, காப்பி மட்டும் வேறு, அவர் மட்டும் பேசவில்லை. ஒருவேளை நான்தானோ. எனக்குத்தான் அப்படிக் கேட்டதோ.

மிஷினை வெளிச்சத்துக்கு இழுத்து வைக்கிறேன். வெள்ளை உடம்பு, வெள்ளை வளையம். நேற்று வெள்ளிக்கிழமை, துடைத்து வைத்த புதுப் பொட்டு, பளிச்சென்று இருக்கிறது. நேற்று. விரல் நின்றுவிட்டது. நேற்று நான்தானே வைத்தேன்? ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் அடுப்பைக் கழுவி, கிரைண்டரைக் கழுவி, எல்லாவற்றுக்கும் பொட்டு வைக்கிறவள் நான்தான், கல்யாணம் ஆகி வந்த நாள் முதலாக. அவர் மறுபடி காப்பி குடிக்க ஆரம்பித்த பிறகு இந்த மிஷினையும் அந்த வரிசையில் சேர்த்துக்கொண்டேன். வளையத்தைக் கழற்றி, உள்ளே பிரஷ் போட்டு, மறுபடி மாட்டி, ஈரத்துணியால் பழைய பொட்டைத் துடைத்துவிட்டு, வளையமும் உடம்பும் சேர்கிற இடத்தில், நடுவாக. வளையம் எங்கே நின்றதோ அங்கே. ஐயோ. எங்கே நின்றதோ அங்கே. பழைய பொட்டின் கீழ்ப் பாதி அதே இடத்தில் உடம்பில் ஊறிச் சிவந்து கிடக்கிறது, நான் எப்போதும் அதன் மேலேயே வைத்திருக்கிறேன். மேல் பாதிகள் மட்டும் வளையத்தைச் சுற்றி வெளிறிய ரோஸ் நிறத்தில் அங்கொன்றும் இங்கொன்றுமாக, துணியில் இழுபட்டு, ஒன்றோடொன்று கலந்து. சேர்ந்தது சேர்ந்தது என்று தினமும் நான் பார்த்துச் சந்தோஷப்பட்ட பொட்டு, அந்த வாரத்து வெள்ளிக்கிழமை நானே புதிதாக வைத்த பொட்டு. அது எப்படிச் சேராமல் போகும்?

அப்படியானால் அந்த முதல் நாள். அவர் பரவால்ல என்று சொன்ன நாள் வளையத்தை நான் தொடவில்லை. அவர் கை வைத்துவிட்டுப் போன இடம் அது. தூளை விரலில் தேய்த்துப் பார்த்து, மயிரிழை திருப்பி, சரி என்று நினைத்து, அப்புறம் மயிலு என்று கூப்பிட்டு. மூன்று மாதம் அது அங்கேயே எனக்காகக் காத்திருந்தது. இரண்டு நாள் கழித்து வந்த வெள்ளிக்கிழமை, நல்ல காரியம் நடந்த வீடு என்று பூரிப்பில் நான் அதைத் தேய்த்துக் கழுவிப் பொட்டு வைத்தேன். சாமிக்குச் செய்கிற மாதிரி பயபக்தியோடு செய்தேன். அவர் விட்டுப்போன இடத்தை என் கையாலேயே அழித்தேன், யாரைத் திட்டுவது? ரோஸ் கறை ஒவ்வொன்றாக வைத்துப் பார்க்கலாமா? எது முதல் கறை? கழற்றி மாட்டும்போது மரை எங்கே பிடித்ததோ, ஒரு சுற்று கூடியதோ குறைந்ததோ. வட்டுகள் இரண்டும் தொட்டுக் கீச்சென்று சத்தம் வருகிற வரை நெருக்கி, அங்கிருந்து பின்னால் வரவேண்டும் என்று பூங்கொடி சொன்னாள். வரலாம். எவ்வளவு தூரம் வருவது? அது தெரிந்த ஒரே ஆள் கூடத்தில் உட்கார்ந்திருக்கிறார், கேட்டால் அவரால் சொல்ல முடியாது. அழுகை வருகிறது. பாலும் பொங்கி வருகிறது. அடுப்பை அணைக்கிறேன்.

கூடத்திலிருந்து தட்டுகிற சத்தம். இடது கை மோதிரத்தால் நாற்காலிக் கையில் தட்டுவார், காப்பி தாமதமானால். வருகிறேன், வருகிறேன். மறுபடி அரைத்துப் போடலாம் என்று கொட்டை டப்பாவைத் திறக்கிறேன், அடியில் உமியும் தூசியும்தான் இருக்கிறது, இன்றைக்குச் சாயங்காலம் வாங்க வேண்டும் என்று நினைத்திருந்தேன். இருக்கிற டிகாஷனை டம்ளரில் ஊற்றினால் அடி தெரிகிறது. பால் விட்டால் ஏதோ அழுக்கு வேட்டி நிறம். இதைக் கொண்டுபோய்க் கொடுப்பதா? அவருக்கு நல்லபடியாக ஒரு காப்பி போடத் தெரியாதவள் என்று என்னை அவர் எத்தனை வருஷம் சொன்னார். கல்யாணமான புதிதில், மிஷின் எல்லாம் இல்லாத காலம், கடைத்தூளில் நான்தான் போடுவேன். ஒரு வாய் குடிப்பார், முகத்தைச் சுளிப்பார், "கழனித்தண்ணி" என்பார். மாட்டுக்கு வைக்கிற, அரிசி கழுவின தண்ணீர். முதல் தடவை நான் அடுக்களையில் போய் அழுதேன். அப்புறம் பழகிவிட்டது. அவர் கழனித்தண்ணி என்பார், நான் "அப்பக் குடிக்காதீங்க" என்பேன், அவர் டம்ளரைக் கீழே வைக்காமல் கடைசிச் சொட்டு வரை குடித்துவிட்டுத்தான் கொடுப்பார். ஒரு நாளாவது மிச்சம் வைத்ததில்லை. எனக்கு அப்போது அது விளங்கவில்லை, கோபம்தான் விளங்கிற்று. இப்போது கோபமும் இல்லை, வீடு அமைதியாக இருக்கிறது, இந்த அமைதியை நான் எங்கே கொண்டுபோய் வைப்பேன். தட்டுகிற சத்தம் மறுபடி. ஆற்றி, சர்க்கரை போட்டு, எடுத்துக்கொண்டு நடக்கிறேன். இன்றைக்கு ஒன்றும் நடக்காது. நாளையும் நடக்காது. ரெஜினா ஒன்பது மணிக்கு வருவாள், படங்களைக் காட்டிப் பூனை, நாற்காலி, குடை என்பாள், அவர் வாயைப் பார்த்துக்கொண்டிருப்பாள், நானும் பார்த்துக்கொண்டிருப்பேன்.

ஜன்னலைப் பார்த்துத்தான் உட்கார்ந்திருக்கிறார். வெளியே யாரோ சைக்கிளில் கீரை கூவிக்கொண்டு போகிறார்கள். இடது கையில் டம்ளரைக் கொடுத்து, கீழே என் கையை வைத்துக்கொள்கிறேன், நழுவினால் பிடிக்க. ஒரு வாய் குடிக்கிறார். நான் முகத்தைப் பார்க்கக்கூடாது என்று வைத்திருக்கிறேன், பார்த்தால் ஆசை வருகிறது. பார்த்துவிட்டேன். நல்லபடியாக இருக்கிற பக்கத்துக் கன்னம் மெல்ல மேலே ஏறுகிறது, மூக்கு சுருங்குகிறது. அந்தச் சுளிப்பு. இத்தனை மாதத்தில் நான் மறந்தே போயிருந்த சுளிப்பு. டம்ளருக்குள் பார்க்கிறார், என்னைப் பார்க்கிறார். ஜன்னலை இல்லை, என்னை. உதடு கூடுகிறது. க என்று தொண்டையில் ஏதோ இடறுகிறது, நின்றுவிடுகிறது. இருமலா? புரையேறிவிட்டதா? முதுகைத் தடவப் போன கையை இழுத்துக்கொள்கிறேன். மறுபடி க. கழ. எனக்குத் தெரிந்துவிட்டது. மொத்த வார்த்தையும் என் நாக்கு நுனியில் வந்து நிற்கிறது, சொல்லிவிடலாம், எடுத்துக் கையில் கொடுத்துவிடலாம். முடித்துக் கொடுக்காதீங்கம்மா. பல்லைக் கடித்துக்கொள்கிறேன். அவர் நெற்றியில் நரம்பு புடைக்கிறது, கண் ஓரத்தில் நீர், கழனி, என்று வந்து அங்கே மாட்டிக்கொள்கிறது, கழனி, கழனி. கீரைக்காரனின் குரல் தெருமுனை வரை போய்த் தேய்ந்துவிட்டது. நான் அசையவில்லை. எத்தனை நல்ல காப்பிக்குப் பாடுபட்டேன், எத்தனை பொட்டைச் சேர்த்துச் சேர்த்துப் பார்த்தேன். நல்லதற்கு இந்த மனுசன் என்றைக்கு வாயைத் திறந்தார்?

"தண்ணி" என்றார்.

சேலைத் தலைப்பை வாயில் அமுக்கிக்கொண்டேன், சத்தம் வந்துவிடக்கூடாதென்று. அவர் விடவில்லை, என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார், கொஞ்சம் கோபமாக, என் முறைக்குக் காத்துக்கொண்டிருந்தார். எனக்கும் வார்த்தை வர நேரம் பிடித்தது. அவரும் எனக்கு முடித்துக் கொடுக்கவில்லை.

"அப்பக் குடிக்காதீங்க" என்றேன்.

அவர் டம்ளரைக் கீழே வைக்கவில்லை.